கடை அவருடையது, கதவு யாருடையது?

"என் கடை, என் முதல், என் உழைப்பு. யாரை உள்ளே அழைப்பது, யாரை வாயிலோடு நிறுத்துவது என்பது என் விருப்பம். இதிலே அரசாங்கத்துக்கு என்ன அலுவல்?"

இப்படிக் கேட்பவர் நிறவெறியோ சாதிவெறியோ தலைக்கேறியவராக இருந்துவிட்டால் நமக்கு வேலை மிக எளிது, தோழர்களே! அவருடைய வெறியைச் சுட்டிக்காட்டினால் போதும். வாதம் தானே சரிந்து விழும். ஆனால் கேட்பவர் தம் கடையிலே எவரையும் இழிவாக நடத்தாதவராக, சிப்பந்திகளிடம் பரிவு காட்டுபவராக, ஒடுக்கப்பட்ட மக்களின் சங்கத்திலே தாமும் உறுப்பினராக இருப்பவராக இருந்தால்? அப்போதும் அந்த வாதம் தவறுதானா? தவறென்றால் எந்த இடத்திலே தவறு? இதைத் தெளிவாகச் சொல்லத் தெரியாதவர்கள், கெட்டவர்களோடு மட்டுமே வாதாடி வென்றுகொண்டிருக்க வேண்டியதுதான்.

அத்தகைய மனிதர் ஒருவர் அமெரிக்க அரசியலிலே இருந்தார். பாரி கோல்டுவாட்டர் என்பது பெயர். கடை முதலாளி, பிறகு அந்நாட்டுக் காங்கிரசுக்கு நின்ற பழமைவாத வேட்பாளர். காங்கிரசு என்றதும் கதர்ச் சட்டையை நினைத்துவிட வேண்டாம். அந்நாட்டு நாடாளுமன்றத்துக்கே அதுதான் பெயர். அதன் மேலவை செனட்.

கோல்டுவாட்டரின் பாட்டனார் போலந்து நாட்டிலிருந்து பிழைப்புத் தேடி வந்த யூதர். கோல்ட்வாசர் என்ற குடும்பப் பெயரை ஆங்கில நாவுக்கு ஏற்பக் கோல்டுவாட்டர் ஆக்கிக்கொண்டு, சுரங்க ஊர்களிலே சரக்கு விற்றுக் காலூன்றியவர். பேரன் 1909-இல் ஃபீனிக்ஸ் நகரிலே பிறந்தபோது அரிசோனா ஒரு மாநிலமாகக் கூட ஆகவில்லை. 1929-இல் தந்தையார் மறைந்ததும் கல்லூரிப் படிப்பை விட்டுவிட்டுக் கடைக்கு வந்தார்; சில ஆண்டுகளில் அதன் தலைவரானார். வெள்ளைத் துணியிலே சிவப்பு எறும்புகள் ஊர்வதுபோல அச்சிட்ட ஆண்களுக்கான உள்ளாடை ஒன்றைச் செய்து, அதையும் நாடெங்கும் விற்றுக் காட்டினார். எள்ளி நகையாடுவதற்காக இதைச் சொல்லவில்லை. வாணிகத்திலே அவர் கைதேர்ந்தவர் என்பதற்காகச் சொல்கிறேன். சிப்பந்திகளுக்கு அக்காலத்து முதலாளிகள் பலர் தராத சலுகைகளையும் தந்தவர் என்பார்கள்.

1938-லேயே குடியரசுத் தலைவர் ரூசுவெல்ட்டைக் கண்டித்து உள்ளூர் ஏட்டிலே பகிரங்கக் கடிதம் எழுதினார். வரி கூடுகிறது, தொழிற்சங்கம் வளர்கிறது, அரசாங்கம் எங்கும் தலையிடுகிறது என்பது முறையீடு. 1949-இல் ஃபீனிக்ஸ் நகரமன்ற உறுப்பினர். 1952-இல் குடியரசுக் கட்சியின் செனட் வேட்பாளர். எதிர்த்து நின்றவர் சாமானியர் அல்லர்; செனட்டிலே பெரும்பான்மைக் கட்சியின் தலைவராக இருந்த எர்னஸ்ட் மெக்ஃபார்லண்டு. அவரை ஏழாயிரத்துக்கும் குறைந்த வாக்கு வித்தியாசத்தில் வீழ்த்தினார் கடைக்காரர். அரசாங்கத்தைச் சுருக்குங்கள், தனி மனிதனைத் தன் போக்கிலே விடுங்கள் என்பதே அவருடைய பேச்சின் சாரம்.

இங்கே ஓர் எளிய கண்டனம் உண்டு. நம் பேச்சாளர்கள் பலர் இதோடு நின்றுவிடுவார்கள். அரிசோனா பாலைநிலம். 1911-இல் கட்டி முடிக்கப்பட்ட ரூசுவெல்ட் அணை, கூட்டரசின் பணத்தில் எழுந்தது. அந்த நீர் இல்லையேல் ஃபீனிக்ஸ் நகரைச் சுற்றி வயல் இல்லை. வயல் இல்லையேல் வாடிக்கையாளர் இல்லை. வாடிக்கையாளர் இல்லையேல் கோல்டுவாட்டர் கடை ஏது? கொலராடோ ஆற்று நீரை அரிசோனாவின் உட்பகுதிக்குக் கொண்டுவரும் மாபெரும் அரசாங்கத் திட்டத்தை அவரே ஆதரித்தார். அதே மனிதர், டென்னசி பள்ளத்தாக்கிலே கூட்டரசு நடத்திவந்த மின்சார நிறுவனத்தை விற்றுவிட வேண்டும் என்றார்! தன் ஊர் வாய்க்காலுக்கு அரசாங்கம் வேண்டும், அடுத்த ஊர் விளக்குக்கு வேண்டாம் என்றால் நகைப்புக்கு இடமுண்டுதான். ஆயினும் ஒருவர் தம் கொள்கைக்குத் தாமே முரண்பட்டார் என்பதனால் கொள்கை பொய்யாகிவிடாது. கள் குடிப்பவன் மதுவிலக்குப் பேசினாலும் மதுவிலக்கு தவறாகிவிடுமா? ஆகவே அதை விட்டுவிட்டு, அவர் முரண்படாமல் நின்ற இடத்துக்குப் போவோம்.

1964 ஜூன் 19. குடிமை உரிமைச் சட்டம் செனட்டிலே வாக்குக்கு வருகிறது. ஓட்டல், உணவுச்சாலை, திரையரங்கு முதலிய பொது இடங்களில் நிறம் காட்டி எவரையும் விலக்கக்கூடாது. வேலை தருவதிலும் அந்த வேற்றுமை கூடாது என்று கூறும் சட்டம். ஆதரவாக 73 பேர். எதிராக 27 பேர். குடியரசுக் கட்சியில் எதிர்த்து வாக்களித்தவர்கள் ஆறே பேர். அந்த ஆறு பேரில் ஒருவர் கோல்டுவாட்டர்.

இவர் யார்? கருப்பின மக்கள் முன்னேற்றத்துக்கான தேசியச் சங்கத்திலே உறுப்பினராக இருந்தவர். உலகப் போருக்குப் பின் அரிசோனா வான்படைக் காவற்பிரிவை அமைத்தபோது, வெள்ளையர் கருப்பர் என்ற பிரிவினை அங்கே இல்லாமல் செய்தவர். 1957-லும் 1960-லும் வந்த குடிமை உரிமைச் சட்டங்களை ஆதரித்தவர். ஆக, வெறியினால் எதிர்த்தார் என்று சொல்லித் தப்பித்துக்கொள்ள நமக்கு வழியில்லை. வாக்குரிமை தருவது சரி. ஆனால் ஒரு தனி மனிதனின் கடைக்குள் புகுந்து, இன்னாரை நீ வரவேற்றே தீரவேண்டும் என்று ஆணையிடும் அதிகாரம் கூட்டரசுக்கு அரசியல் சட்டத்திலே இல்லை என்றார். மனிதரின் நெஞ்சத்தைச் சட்டத்தால் மாற்ற முடியாது என்றும் வாதாடினார். நெஞ்சம் மாறட்டும், கதவு தானே திறக்கும் என்பது அவருடைய நம்பிக்கை.

இந்த வாதத்தை அதன் முழு வலிமையோடு எடுத்துக்கொள்ள வேண்டும். சொத்துரிமை என்பது ஏழைக்கும் காவல். குடிசையின் கதவை அதிகாரி நினைத்தபோதெல்லாம் தட்டக்கூடாது என்றால், அதற்கும் அடிப்படை அதே உரிமைதான். இன்று கடைக்குள் யாரை விடுவதென்று சொல்லும் அரசாங்கம், நாளை வீட்டு விருந்துக்கு யாரை அழைப்பதென்றும் சொல்லாதா? அச்சம் வீணானது என்று ஒரே வார்த்தையில் ஒதுக்க நான் தயாராயில்லை.

ஆனால் வீடு வேறு, கடை வேறு. வீட்டுக்கு விளம்பரப் பலகை கிடையாது. போகிற வருகிறவர்களையெல்லாம் வாருங்கள், வாருங்கள் என்று எந்த வீடும் கூவி அழைப்பதில்லை. 1964-இன் சட்டத்தை இயற்றியவர்களுக்கு இது தெரிந்தே இருந்தது. உரிமையாளர் தாமே குடியிருந்துகொண்டு, ஐந்து அறைகளுக்கு மேற்படாமல் வாடகைக்கு விடும் வீட்டுக்கு அந்தச் சட்டம் விலக்கு அளித்தது. உண்மையான தனியார் மன்றங்களுக்கும் விலக்கு உண்டு. எல்லைக் கோடு எங்கே என்று கேட்டவர்களுக்கு, இதோ என்று கோடு போட்டே காட்டினார்கள். அந்தச் சட்டத்தை எதிர்த்து உடனே வழக்குமன்றம் ஏறிய அட்லாண்டா நகரத்து விடுதிக்கு எத்தனை அறைகள் தெரியுமா? 216! நெடுஞ்சாலைகளிலே பலகை நட்டு, நாடெங்கும் விளம்பரம் செய்து, வெளி மாநிலத்தாரைத் தங்க அழைத்த விடுதி அது. 216 அறைக்காரர், ஐந்து அறைக்காரரின் வாயிற்படியிலே நின்றுகொண்டு என் வீடு, என் வீடு என்றால் ஒப்புக்கொள்ள முடியுமா?

இதே கேள்வி நம் அரசியல் நிர்ணய சபையிலும் எழுந்தது. அமெரிக்கா 1964-இல் செய்ததை நம் அரசியல் சட்டம் 1950-லேயே செய்துவிட்டது. கடைகள், உணவு விடுதிகள், கேளிக்கை இடங்கள் ஆகியவற்றில் சாதி, மதம், இனம், பால், பிறப்பிடம் காட்டி எந்தக் குடிமகனையும் தடுக்கக்கூடாது என்கிறது 15-ஆம் பிரிவின் இரண்டாம் உட்பிரிவு. 1948 நவம்பர் 29-இல் அதன்மீது விவாதம் நடந்தபோது, கடை என்றால் என்ன என்பதற்கு அண்ணல் அம்பேத்கர் விளக்கம் தந்தார். சரக்கு விற்கும் இடம் மட்டுமன்று. நாடி வருபவர் எவராயினும் அவருக்குத் தம் பணியைத் தர ஒருவர் முன்வந்திருக்கும் இடமெல்லாம் கடையே என்பது அவர் கருத்து. நுணுகிப் பாருங்கள்! கடையைக் கடையாக்குவது சுவரன்று, கூரையன்று, முதலாளியின் முதலுமன்று. அவர் ஊராருக்கு விடுத்த அழைப்பு. அழைப்பை ஊருக்கெல்லாம் விடுத்துவிட்டு, வந்தவரின் தோலைப் பார்த்து அதை விழுங்குவது எப்படி உரிமையாகும்?

இதைவிடத் தெளிவாகக் காட்டியது வடகரோலினா மாநிலத்துக் கிரீன்ஸ்பரோ நகரம். 1960 பிப்ரவரி 1-ஆம் நாள், நான்கு கருப்பின மாணவர்கள் உல்வொர்த் என்ற பெரிய கடைக்குள் நுழைந்தார்கள். பற்பசை முதலிய சில்லறைப் பொருள்களை வாங்கினார்கள். கடை காசை வாங்கிக்கொண்டது; ரசீதும் தந்தது. அதே கூரையின்கீழ், சில அடி தள்ளியிருந்த உணவு மேடையிலே அமர்ந்து காப்பி கேட்டார்கள். உங்களுக்கு இல்லை என்றார்கள். ஒரே கடை, ஒரே முதலாளி, ஒரே நாள், ஒரே காசு. ஒரு மேடையிலே செல்லுபடியாகும் நாணயம் மறு மேடையிலே செல்லவில்லை! இது எவரோடு வாணிகம் செய்வது என்ற உரிமையா? வாணிகம்தான் நடந்துவிட்டதே! அங்கே மறுக்கப்பட்டது உட்காரும் இடம். சமமாக உட்காரும் இடம். கிளர்ச்சி பரவி, அந்த ஆண்டு ஜூலை 25-இல் கடை பணிந்தபோது, அந்த மேடையிலே முதலில் அமர்ந்து உண்ட கருப்பினத்தவர்கள் அதே கடையின் சிப்பந்திகள். அதுவரை அந்த மேடையிலே அவர்கள் வேலை செய்யலாம், அமரக்கூடாது.

அடுத்து, கடைக்குள் அரசாங்கம் நுழையக்கூடாது என்கிறார்களே, அதைப் பார்ப்போம். மாணவர் எழுந்து போக மறுத்தால் கடைக்காரர் என்ன செய்வார்? போலீசை அழைப்பார். போலீசு யாருடையது? வழக்குமன்றம் யாருடையது? அத்துமீறி நுழைந்தார் என்று சிறைக்கு அனுப்பும் சட்டம் யாருடையது? எல்லாம் அரசாங்கத்துடையவை! தென் மாநிலங்களிலே உணவு மேடையில் அமர்ந்த குற்றத்துக்காக ஆயிரக்கணக்கான இளைஞர்களை இழுத்துச் சென்றது கடைக்காரரின் கை அன்று. அரசாங்கம் ஏற்கெனவே கடைக்குள்தான் இருந்தது. உள்ளே நிற்பவர் பக்கம் லத்தியோடு நின்றது. வெளியே நிற்பவர் பக்கமும் நில் என்றபோதுதான், ஐயோ அரசாங்கம் நுழைகிறதே என்ற கூக்குரல்!

அலபாமா மாநிலத்துப் பர்மிங்காம் நகரிலே ஒரு நகராட்சிச் சட்டம் இருந்தது. வெள்ளையருக்கும் கருப்பருக்கும் ஒரே அறையில் உணவு பரிமாறுவதாயின், நடுவிலே தரையிலிருந்து ஏழு அடி உயரத்துக்குக் குறையாமல் தடுப்புச் சுவர் வேண்டும். தெருவிலிருந்து தனித்தனி வாயில் வேண்டும் என்றது அது. ஏழு அடி! எட்டிப் பார்த்தும் முகம் தெரியக்கூடாது. எல்லோரையும் ஒன்றாக அமரவைக்க விரும்பிய உணவுச்சாலைக்காரர் அந்த ஊரிலே இருந்திருந்தால், அவர் குற்றவாளி. அவருடைய சொத்துரிமைக்காக எந்தப் பழமைவாதி கண்ணீர் விட்டார்? கோல்டுவாட்டரே 1960-இல் தம் பெயரில் வந்த 'ஒரு பழமைவாதியின் மனச்சாட்சி' என்ற நூலிலே, பள்ளிகளில் பிள்ளைகள் ஒன்றாகப் படிப்பதைத் தாம் விரும்புவதாகவும், ஆனால் அதை மாநிலங்களே முடிவு செய்யட்டும் என்றும் கூறினார். நூலை எழுதிக் கொடுத்தவர் பிரண்ட் போசல் என்பவர். மனச்சாட்சிக்கும் எழுத்தர் தேவைப்பட்டார் போலும்! அது கிடக்கட்டும். பள்ளி எவருடைய தனிக் கடை? அங்கே எந்த முதலாளியின் உரிமை பறிபோகிறது? கடை என்றால் முதலாளியின் உரிமை. பள்ளி என்றால் மாநிலத்தின் உரிமை. கருப்பினக் குழந்தையின் முறை எப்போது வரும் என்பதற்கு அந்த நூலிலே விடையில்லை.

அட்லாண்டா விடுதிக்காரரின் வழக்கிலே வந்த ஒரு வாதத்தை மட்டும் சொல்லாமல் போக மனம் வரவில்லை. கருப்பினத்தவருக்கு அறை கொடு என்று கட்டாயப்படுத்துவது தம்மை அடிமையாக்குவதாகும்; ஆதலால் அடிமை முறையை ஒழித்த பதின்மூன்றாம் திருத்தத்துக்கு அது விரோதம் என்று அவர் வாதாடினார்! யாருடைய பாட்டன் முப்பாட்டன் சங்கிலி உடைபட வேண்டுமென்று உள்நாட்டுப் போர் நடந்ததோ, அவர்களைத் தங்க விடுவது இவருக்கு விலங்காம்! ஒன்பது நீதிபதிகளும் 1964 டிசம்பர் 14-இல் ஒருமுகமாக அதைத் தள்ளினார்கள். அதே ஊரிலே லெஸ்டர் மாடக்ஸ் என்ற உணவுச்சாலை முதலாளி, உண்ண வந்த கருப்பின இளைஞர்களைக் கைத்துப்பாக்கியோடு விரட்டினார்; அவருடைய ஆட்கள் கோடரிக் காம்புகளோடு நின்றார்கள். சமமாகப் பரிமாறுவதைவிடக் கடையை மூடுவதே மேல் என்று மூடினார். 1967-இல் அவர் ஜார்ஜியா மாநிலத்தின் ஆளுநர்! கோல்டுவாட்டர் துப்பாக்கி தூக்கியவர் அல்லர். ஆனால் துப்பாக்கி தூக்கியவர் பேசிய சொத்துரிமைப் பேச்சுக்குக் கண்ணியமான சட்டை மாட்டிவிட்டவர் அவர்.

நெஞ்சத்தைச் சட்டம் மாற்றாது என்ற வாதம் எஞ்சி நிற்கிறது. உண்மைதான், மாற்றாது. உடனே மாற்றும் என்று நாமும் சொன்னதில்லை. ஆனால் நல்ல நெஞ்சம் படைத்த கடைக்காரர் ஏன் கதவைத் திறக்கவில்லை என்று எண்ணிப் பாருங்கள். தான் திறந்தால் வெள்ளை வாடிக்கையாளர் அடுத்த கடைக்குப் போய்விடுவாரே என்ற அச்சம்! பர்மிங்காம் உணவுச்சாலை ஒன்றின் உரிமையாளர்கள் வழக்குமன்றத்திலேயே, வாடிக்கை போய்விடும் என்று முறையிட்டார்கள். முதலில் திறப்பவன் நட்டப்படுவான். ஆகையால் எவனும் முதல்வனாக முன்வரவில்லை. நல்லவர்கள் ஆயிரம் பேர் இருந்தும் ஒரு கதவு திறக்கவில்லை! எல்லோரும் ஒரே நாளில் திறக்க வேண்டும் என்று சட்டம் சொன்னது, அச்சம் அற்றுப்போயிற்று. போவதற்கு அடுத்த கடை இல்லையே! தென்னகத்து நகரங்கள் பலவற்றில் பெரிய ஓட்டல்கள் சில நாட்களிலேயே வழிவிட்டன. நல்ல கடைக்காரரின் சுதந்திரத்தையும் மீட்டுத் தந்தது அந்தச் சட்டமே. கடைக்காரராகவே வாழ்ந்த கோல்டுவாட்டருக்கு இந்த வாணிகக் கணக்கு புரியாமற் போனது விந்தை.

நம் நாட்டிலே சட்டம் வந்து எழுபது ஆண்டுகளுக்கு மேலாகியும் சில ஊர்த் தேநீர்க் கடைகளிலே இரட்டைக் குவளை இருந்ததே, அப்படியானால் அவர் சொன்னதுதானே சரி என்று சில தோழர்கள் கேட்கக்கூடும். கூர்மையான கேள்விதான். இரட்டைக் குவளை இன்று ஒளிந்து வாழ்கிறது. கேட்டால் இல்லை என்று சாதிக்கிறார்கள். முன்பு அது ஊர் வழக்கம். இன்று அது குற்றம். அவமானப்பட்டவன் முன்பு எங்கே போய் முறையிட்டான்? இன்று புகார் எழுத அவனுக்கு ஒரு சட்டமும் பிரிவும் எண்ணும் உண்டு. புகாரை வாங்க மறுக்கும் அதிகாரியோடு போராட வேண்டியிருக்கிறது என்பது மெய். அந்தப் போராட்டத்துக்கும் கையிலே சட்டம் இருப்பவன் நிலை வேறு, கடைக்காரரின் நெஞ்சம் கனிவதற்காகக் காத்திருப்பவன் நிலை வேறு.

1964 நவம்பரிலே குடியரசுத் தலைவர் தேர்தல். கோல்டுவாட்டர் வேட்பாளர். படுதோல்வி, ஜான்சனுக்கு 486 தேர்வாளர் வாக்கு, இவருக்கு 52. வென்றவை ஆறே மாநிலங்கள். ஒன்று சொந்த மாநிலமான அரிசோனா. மற்றவை அலபாமா, ஜார்ஜியா, லூசியானா, மிசிசிப்பி, தென்கரோலினா. கருப்பின மக்களில் மிகப் பெரும்பாலோரை வாக்குச்சாவடிக்கே வரவிடாமல் தடுத்து வைத்திருந்த மிசிசிப்பியில் அவருக்கு நூற்றுக்கு 87 வாக்கு! அந்த மாநிலத்து வெள்ளையர்கள் அரசியல் சட்டத்தின் நுட்பங்களை ஆராய்ந்து வாக்களித்தார்களா? தங்களுக்கு வேண்டியது எது என்று அவர்களுக்குத் தெரிந்திருந்தது. வேட்பாளரின் உள்ளம் எத்தகையது என்று அவர்கள் கேட்கவேயில்லை; அவருடைய வாக்கு எந்தப் பக்கம் விழுந்தது என்பதை மட்டும் பார்த்தார்கள்.

அந்த வாதம் 1964-லே செத்துவிடவில்லை. 2010-இல் கென்டக்கி மாநிலத்தில் குடியரசுக் கட்சியின் செனட் வேட்பாளராக நின்ற ராண்டு பால் என்ற கண் மருத்துவர், தனியார் கடைகளைக் கட்டுப்படுத்தும் பகுதி பற்றித் தமக்கு ஐயமுண்டு என்று தொலைக்காட்சியிலே பேசினார். கண்டனம் கிளம்பியதும், நான் அன்று இருந்திருந்தால் ஆதரித்தே வாக்களித்திருப்பேன் என்றார். அந்தத் தேர்தலில் வென்றும் விட்டார். 2023 ஜூன் 30-இல் கொலராடோ மாநிலத்து வழக்கொன்றில், ஒரே பாலினத்தவரின் திருமணத்துக்கு இணையப் பக்கம் வடிவமைத்துத் தரும்படி ஒரு நிறுவன உரிமையாளரைக் கட்டாயப்படுத்த முடியாது, அது அவருடைய பேச்சுரிமை என்று உச்ச நீதிமன்றத்தின் ஆறு நீதிபதிகள் தீர்ப்பளித்தார்கள். கதவடைப்பு என்று இப்போது சொல்வதில்லை, கருத்து என்கிறார்கள். எழுதித் தருவது கருத்தென்றால், அணிச்சல் சுட்டுத் தருவது கருத்தா? பூக்கட்டித் தருவது? படம் பிடித்துத் தருவது? முடி திருத்துவது? மறுத்து எழுதிய மூவரின் சார்பில் நீதிபதி சோட்டோமேயர், பொதுமக்களுக்குத் திறந்து வைத்த ஒரு வாணிக நிலையத்துக்கு, சட்டம் காக்கும் ஒரு பிரிவினரை மறுக்கும் அரசியல் சட்ட உரிமையை இந்த நீதிமன்றம் வழங்குவது இதுவே முதல் முறை என்று பதிந்து வைத்தார். அட்லாண்டா விடுதிக்காரருக்கு ஒன்பது பேரும் மறுத்ததை, வேறு பெயரிலே கேட்க இனி வரிசை நிற்கும்.